அண்ணி ஊற்றாத மஞ்சள் தண்ணீர்

என் அண்ணிக்கு ‘ரிவர்ஸ் அண்ணி’ என்று பெயர் வைத்தவன் நான்தான். ஒன்பது வருடம் அதை என் திறமைக்குச் சாட்சியாக நினைத்துக்கொண்டிருந்தேன். இதை எழுதும்போதுகூட உதட்டோரம் ஒரு சிரிப்பு எட்டிப் பார்க்கிறது, மறைத்து என்ன பிரயோசனம்? பெயர் நன்றாகத்தான் இருந்தது. தப்பு பெயரில் இல்லை.

நான் பாமாயில் எடுக்கும் செம்பனைக் குலையை ஏற்றும் லோரி ஓட்டுகிறேன். அது வயிற்றுப் பிழைப்பு. சனி ஞாயிறுகளில் கல்யாணம், காதுகுத்து, பிறந்தநாள் என்று எங்கே மைக் இருக்கிறதோ அங்கே நான் இருப்பேன். எங்கள் வட்டாரத்தில் என்னை மேடைக்குக் கூப்பிடுவதே நாலு பேரை வாரிவிடத்தான். மாப்பிள்ளையின் வழுக்கை, மாமனாரின் கஞ்சத்தனம், வராத சொந்தக்காரர், வந்தும் சாப்பாட்டுப் பந்தியிலிருந்து எழாத சொந்தக்காரர் என்று யாரையும் விடமாட்டேன். ஜனங்கள் மேசையைத் தட்டிச் சிரிப்பார்கள். அந்தச் சத்தத்துக்கு ஒரு போதை உண்டு. வாரம் முழுக்க லோரியில் தனியாக உட்கார்ந்திருப்பவனுக்கு அது கொஞ்சம் கூடவே ஏறும்.

அண்ணி சபாக் என்ற ஊரில் பிறந்து, எஸ்டேட்டில் லோரி ஓட்டிய என் அண்ணனுக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவர். நான் புக்கிட் பெலிம்பிங்கில் வீடு வாங்கிக்கொண்டு வெளியே வந்துவிட்டேன். அண்ணன் மட்டும் தோட்டத்துக்குள்ளேயே, தொழிலாளர்களின் பழைய லயத்தை இடித்துவிட்டுக் கட்டிய வீட்டில் இருந்தார். பெரிய ரோட்டுக்கு வர, செம்பனை மரங்களுக்கு நடுவே இருபது நிமிடம் ஓட்ட வேண்டும். பஸ் கிடையாது. அதனால்தான் கல்யாணமான புதிதில் அண்ணி கார் லைசன்ஸ் எடுக்க ஆசைப்பட்டார்.

டெஸ்டில் ஒரு செயற்கை மேடு உண்டு. எல்லாரும் அதை ‘புக்கிட்’ என்றுதான் சொல்வார்கள். கார் பாதி ஏற்றத்தில் நிற்க வேண்டும், ஹேண்ட்பிரேக் போட வேண்டும், பிறகு பின்னால் உருளாமல் மேலே ஏற வேண்டும். எங்கள் பக்கமோ நெல் வயலும் செம்பனையும் வாய்க்காலுமாகத் தட்டையான நிலம். அண்ணி பிறந்த சபாக் அதைவிடத் தட்டை. ஏற்றம் என்றால் என்னவென்றே காலுக்குத் தெரியாத மனுஷி. முதல் தடவை கார் பின்னால் உருண்டது. பெயில். இரண்டாவது தடவையும் அதே மேட்டில் அதே கதை. இரண்டு தடவையும் நான் வீட்டில் நடித்துக் காட்டினேன், எல்லாரும் சிரித்தார்கள்.

மூன்றாவது தடவையும் பெயிலாகி இரண்டு நாள்தான் ஆகியிருந்தது. அண்ணன் மகளுக்கு இரண்டாவது பிறந்தநாள், தோட்டத்து மண்டபத்தில் இருநூறு பேர். மைக் என் கையில். கேக் வெட்ட அண்ணியைக் கூப்பிடும்போது, “எல்லாரும் பின்னாடி தள்ளி நில்லுங்க! ரிவர்ஸ் அண்ணி வராங்க. மேடை வேற மேடா இருக்கு, ஏறுவாங்களா உருளுவாங்களான்னு அவங்களுக்கே தெரியாது!” என்றேன். மண்டபம் அதிர்ந்தது. அண்ணியும் சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார். அவர் சிரித்ததை நான் பார்த்தேன். எனக்கு அது போதுமாக இருந்தது.

அன்றிலிருந்து பெயர் ஒட்டிக்கொண்டது. மளிகைக் கடைக்காரர் அப்படித்தான் கூப்பிட்டார். கோயில் கமிட்டிக்காரர்கள் அப்படித்தான் சொன்னார்கள். தோட்டத்துப் பிள்ளைகளுக்கு அவர் ‘ரிவர்ஸ் ஆண்டி’. கடையிலிருந்து அவர் நடந்து வந்தால், குட்டிப் பயல்கள் லோரி பின்னால் வரும்போது கத்துமே அந்த ‘பீப் பீப்’ சத்தத்தைப் போடுவார்கள். அதைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தவன் யார் என்று கேட்காதீர்கள்.

இதில் எனக்கு ஒரு குற்ற உணர்வும் இருந்ததில்லை. ஏனென்றால் எனக்கு முறை இருந்தது. எங்கள் சனங்களிடம் யாரை வேண்டுமானாலும் கேலி செய்துவிட முடியாது. தங்கச்சியைச் செய்யக் கூடாது, மாமியாரைச் செய்யக் கூடாது, சம்பந்தியைச் செய்தால் வெட்டுக்குத்துதான். ஆனால் மச்சானை, கொழுந்தியாளை, அண்ணியைக் கேலி செய்யலாம். செய்யாவிட்டால்தான், ‘ஏன், ரெண்டு பேருக்கும் பேச்சுவார்த்தை இல்லையா?’ என்று கேட்பார்கள். நான் பிறந்தபோதே கொழுந்தனாகப் பிறந்துவிட்டேன் என்பது என் எண்ணம்.

இரண்டு வருடத்துக்கு முன்பு அண்ணனின் சிறுநீரகம் இரண்டும் போய்விட்டன. இனிப்புநீர் நோய் முதலில் கண்ணை மங்கலாக்கி அவருடைய லோரியைப் பிடுங்கிக்கொண்டது, பிறகு இதைச் செய்தது. செவ்வாய், வியாழன், சனி என்று வாரம் மூன்று நாள் டவுனில் டயாலிசிஸ். மத்தியானம் பன்னிரண்டு மணிக்குப் போய் இயந்திரத்தில் படுக்க வேண்டும், நாலு மணி நேரம். கார் வீட்டு வாசலில் நின்றது. ஓட்ட ஆள் இல்லை. கிராப் டாக்சிக்காரர்கள் செம்பனைக் காட்டுப் பாதையைப் பார்த்ததும் ரத்து செய்துவிடுவார்கள். ஆகவே நாங்கள் முறை வைத்துக்கொண்டோம்: செவ்வாய் பக்கத்து வீட்டுக்காரர், வியாழன் நான், சனி சுங்கை செம்பிலாங்கிலிருந்து என் மைத்துனர். இப்படி எத்தனை நாள் ஓடும் என்று எல்லாருக்கும் உள்ளுக்குள் பயம் இருந்தது. யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை.

ஒரு வியாழக்கிழமை அது நின்றது. குலை அதிகமாக விழும் மாதம். ஆலை வாசலில் லோரி வரிசை ரோடு வரைக்கும் நீண்டிருந்தது. முன்னாலும் லோரி, பின்னாலும் லோரி, நடுவில் நான். அண்ணி பத்து தடவை போன் செய்தார். “இதோ அண்ணி, இதோ வந்துட்டேன்” என்று பத்து தடவையும் பொய் சொன்னேன். நான் போய்ச் சேர்ந்தபோது மணி மூன்றரை. டயாலிசிஸ் மையத்தில் இயந்திரம் எல்லாம் ஆள் நிறைந்துவிட்டது, நாளைக் காலையில் வாருங்கள் என்றார்கள். மறுநாள் காலை சட்டை மாட்டும்போதே அண்ணனுக்கு மூச்சு வாங்கிவிட்டது. நுரையீரலில் தண்ணீர். அம்புலன்ஸ் அந்தப் பாதையில் குலுங்கிக் குலுங்கி வந்து சேர்வதற்குள் அவர் உதடு நீலமாகிவிட்டது என்று அண்ணி பிறகு சொன்னார். வாசலில் கார் நின்றுகொண்டிருந்தது. சாவி ஆணியில் தொங்கிக்கொண்டிருந்தது.

பிழைத்துக்கொண்டார். மூன்றாம் நாள் வார்டில் அவர் பக்கத்தில் உட்கார்ந்து அண்ணியிடம் சொன்னேன்:

“அண்ணி, இனிமே ஒரே வழிதான். நீங்க லைசன்ஸ் எடுத்துடுங்க.”

“என்னால முடியாது தம்பி.”

“ஏன் முடியாது? அந்தப் புக்கிட்டு உங்கள பாத்து பயந்து போயி இருக்கும். வேணும்னா ரிவர்ஸ்லயே ஏறிடுங்க, ஆபிசர் மயங்கி விழுந்துடுவாரு.”

ஆஸ்பத்திரியில், அண்ணன் மூக்கில் டியூப் இருக்கும்போது, அதைச் சொன்னேன். பக்கத்துக் கட்டில்காரர் சிரித்தார். அண்ணியும் வழக்கம்போலச் சிரித்துவிட்டு, தண்ணீர் பிடித்து வருகிறேன் என்று போத்தலை எடுத்துக்கொண்டு வெளியே போனார். போத்தல் நிறைய தண்ணீர் இருந்தது. அண்ணன் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார். அவருக்குக் களைப்பு என்று நான் நினைத்தேன்.

அடுத்த மாதம் தோட்டத்து மாரியம்மன் கோயில் திருவிழா. கடைசி நாள் மஞ்சள் நீராட்டு. பெரிய அண்டாவில் மஞ்சள் தண்ணீர் கரைத்து வைத்துவிடுவார்கள். முறை உள்ளவர்கள் ஒருவர் மேல் ஒருவர் ஊற்றுவார்கள். வெளியூர்க்காரன் பார்த்தால் சண்டை என்று நினைப்பான். என் கொழுந்தியாள், மனைவியின் தங்கை, ஒரு வாளியோடு என்னைக் கோயிலைச் சுற்றித் துரத்தினாள். “அத்தான், ஓடாதீங்க, வயிறு குலுங்குது, பூமி ஆடுது!” என்று கத்திக்கொண்டே முழு வாளியையும் தலையில் கவிழ்த்தாள். நான் விடுவேனா? அவளைப் பிடித்து இரண்டு செம்பு ஊற்றினேன். பிறகு அண்ணியைத் தேடிப் போனேன். வழக்கம்போல அவர் தலையிலும் ஒரு செம்பு. “ரிவர்ஸ்ல ஓடித் தப்பிச்சிருக்கலாமே அண்ணி!” எல்லாரும் சிரித்தார்கள். அண்ணி சிரித்தார்.

ஈரத் துணியோடு மர நிழலில் வந்து உட்கார்ந்தேன். மனைவி பக்கத்தில் துண்டோடு நின்றாள். அவள் என்னைப் பார்க்கவில்லை, தூரத்தில் எதையோ பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அங்க பாருங்க.”

அண்ணி கையில் ஒரு செம்பு நிறைய மஞ்சள் தண்ணீர் இருந்தது. யாரோ அவர் கையில் கொடுத்திருக்க வேண்டும், போய்க் கொழுந்தன் மேல் ஊற்று என்று. அவர் அந்தச் செம்பைக் கொஞ்ச நேரம் வைத்துக்கொண்டு நின்றார். பிறகு வேப்பமரத்து வேரில் மெதுவாக, சிந்தாமல் ஊற்றிவிட்டு, செம்பை அண்டா பக்கத்தில் கவிழ்த்து வைத்துவிட்டு, வீட்டுப் பக்கம் நடந்தார்.

“அண்ணி என்னிக்காச்சும் உங்க மேல ஊத்தி பாத்திருக்கீங்களா?” என்று மனைவி கேட்டாள்.

“அவங்க சாதுலா. அப்படியெல்லாம் செய்ய மாட்டாங்க.”

“உங்கள திருப்பி ஒரு வார்த்த கேலி பண்ணி கேட்டிருக்கீங்களா? ஒரே ஒரு வார்த்த?”

“முறை இருக்கு, அவங்களும் பண்ணலாமே. நான் வேணாம்னா சொன்னேன்?”

“முறைன்னா ரெண்டு பக்கமும் ஊத்தணும். ஒரு பக்கம் மட்டும் ஊத்துனா அதுக்குப் பேரு என்னான்னு நீங்களே சொல்லுங்க.”

அவ்வளவுதான் சொன்னாள். துண்டை என் தோளில் போட்டுவிட்டுப் போய்விட்டாள்.

அந்த வாரம் முழுக்க லோரியில் எனக்கு வேறு வேலை இல்லை. ஒன்பது வருடத்தைப் பிரித்துப் போட்டுத் தேடினேன். தீபாவளிகள், பிறந்தநாள்கள், துக்க வீடுகள்கூட. நான் சொன்னதெல்லாம் வரிசையாக ஞாபகம் வந்தது. எனக்கு என் ஜோக்குகள் மறக்காது. அண்ணி திருப்பிச் சொன்னது ஒன்றுகூட வரவில்லை. கொழுந்தியாள் என் வயிற்றை வைத்துச் சொன்னது மட்டும் நூறு இருக்கும். அவளிடம் நான் எப்போதும் தோற்பவன். இருவரும் என் வாய்க்கு ஒன்றாகத்தான் இருந்தார்கள். ஒருத்தி என்னோடு விளையாடினாள், இன்னொருத்தர் என்னைத் தாங்கிக்கொண்டிருந்தார். சிரிப்புச் சத்தம் இரண்டிலும் ஒன்றாகவே கேட்டதால் எனக்கு வித்தியாசம் தெரியவில்லை. எனக்கு என் மேலேயே வந்த கோபத்தில் ஒரு வளைவில் கியரைத் தப்பாகப் போட்டு, பின்னால் வந்த மோட்டார் சைக்கிள்காரனிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

சரி, தப்பு தெரிந்துவிட்டது, மன்னிப்புக் கேட்க வேண்டும். இந்த இடத்தில்தான் என்னைப் போன்ற மைக்காரன் மட்டுமே செய்யக்கூடிய ஒரு காரியத்தைச் செய்தேன். சொந்தத்தில் ஒரு நிச்சயதார்த்தம். மைக் என் கையில். கூட்டம் நிறைந்த நேரம் பார்த்து, “இன்னிக்கு எல்லார் முன்னாலயும் என் அண்ணிகிட்ட மன்னிப்பு கேட்டுக்கிறேன். ஒன்பது வருஷமா ரிவர்ஸ் அண்ணின்னு கூப்பிட்டது தப்பு” என்றேன். உண்மையாகத்தான் சொன்னேன். ஆனால் நான் மைக்கைப் பிடித்தால் சிரிக்க வேண்டும் என்று பழகிய கூட்டம் அது. ‘ரிவர்ஸ் அண்ணி’ என்ற சொல் வந்ததுமே மண்டபம் வெடித்துச் சிரித்தது. தெரியாதவர்கள்கூட, யார் அது, யார் அது என்று எட்டிப் பார்த்தார்கள். அண்ணி தட்டை வைத்துவிட்டு எழுந்து கை கழுவப் போனவர், திரும்பி வரவில்லை. காரில் போய் உட்கார்ந்துகொண்டார்.

அடுத்த வியாழக்கிழமை அண்ணனை டவுனுக்கு அழைத்துப் போனேன். அண்ணன் முன்னால், அண்ணி பின்னால். செம்பனைப் பாதை முடிந்து கார் தார் ரோடு ஏறியது. பிறகு பின்னாலிருந்து அண்ணி பேசினார். குரலை உயர்த்தவில்லை.

“கூட்டத்துக்கு முன்னால சிரிக்க வச்சீங்க. கூட்டத்துக்கு முன்னால மன்னிப்பும் கேட்டீங்க. எனக்குன்னு ஒண்ணும் சொல்லலயே தம்பி.”

நான் ரோட்டையே பார்த்து ஓட்டினேன்.

“மொத ரெண்டு தடவ எனக்கே சிரிப்பு வந்துச்சு, பொய் சொல்லல. நீங்க நடிச்சுக் காட்டுனீங்கல்ல, நானும் வயித்த புடிச்சிக்கிட்டுதான் சிரிச்சேன். மூணாவது தடவ அப்படி இல்ல. பாத்ரூம்ல அழுதுட்டு மொகம் கழுவிட்டு வந்துதான் புள்ளைக்கு கேக்கு வெட்டுனேன். அன்னிக்கும் சிரிச்சேன். சிரிக்காட்டி, ஜோக்குகூட தெரியாதவன்னு அதுக்கும் ஒரு பேரு வப்பீங்க. நாலாவது தடவைக்கு தேதி கெடச்சுச்சு. நான் போகல. பாசானாலும் பெயிலானாலும் நீங்க மைக்க புடிப்பீங்கன்னு தெரியும். போன மாசம் இவரு மூச்சு விட முடியாம கெடந்தப்ப அந்தச் சாவியதான் பாத்துட்டு இருந்தேன்.”

என் வாய்க்கும் அண்ணனின் நீல உதட்டுக்கும் நடுவே இவ்வளவு நேரான பாதை இருக்கும் என்று நான் நினைத்ததே இல்லை. பக்கத்தில் அண்ணன் ஜன்னலைப் பார்த்தபடியே சொன்னார்:

“நானும் சேந்து சிரிச்சேன்டா. இவ அழுதது எனக்குத் தெரியும். நானும் சிரிச்சேன்.”

“மன்னிச்சிடுங்க அண்ணி” என்றேன். அதற்குப் பின்னால் எப்போதும் நாக்கு நுனியில் எதாவது ஒன்று தயாராக நிற்கும். அன்று ஒன்றும் வரவில்லை, நானும் தேடவில்லை. டவுன் வந்துவிட்டது. அண்ணனை இறக்கிவிட்டுத் திரும்பும்போது அண்ணி தானாகவே கேட்டார்:

“மறுபடி டெஸ்டுக்குப் போலாம்னு இருக்கேன். ஆனா அந்தப் புக்கிட்டுதான் தம்பி எனக்கு வர மாட்டேங்குது. டிரைவிங் ஸ்கூல் காடியில மணிக் கணக்குக்குதான் ஓட்ட விடுவாங்க, போதல. பழக இங்க எங்க மேடு இருக்கு?”

எனக்குத் தெரிந்த ஒரு மேடு இருந்தது. நான் தினமும் ஏறி இறங்கும் மேடு. சின்னத் தோட்டக்காரர்களிடம் குலை வாங்கிச் சேர்க்கும் இடத்தை ரேம்ப் என்போம். லோரி மேலே ஏறிக் குலையைக் கீழே கொட்ட வசதியாக, சிமெண்டில் நல்ல ஏற்றமாகக் கட்டியிருப்பார்கள். ஞாயிறு மத்தியானம் அங்கே ஈ காக்காய் இருக்காது. ரேம்ப் முதலாளி தவுக்கேயிடம் கேட்டேன். சீனக் கிழவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, தூணில் இடித்தால் நீதான் சிமெண்ட் பூச வேண்டும் என்றார்.

அண்ணி ஒரு நிபந்தனை போட்டார். “நீங்க பக்கத்துல உக்காருங்க, ஹேண்ட்பிரேக்க புடிக்க ஆள் வேணும். ஆனா வாயத் திறக்கக் கூடாது. நல்லதும் சொல்லக் கூடாது, கெட்டதும் சொல்லக் கூடாது. ஒரு வார்த்த வந்தாலும் நான் எறங்கி நடந்தே வீட்டுக்குப் போயிடுவேன்.”

முதல் ஞாயிறு. உதிர்ந்த பழங்களின் எண்ணெய் படிந்து ரேம்ப் வழுக்கலாக இருந்தது. முந்தின நாளே நான் மண்வெட்டியால் சுரண்டி, தவிடு தூவியிருந்தேன். அப்படியும் கார் ஒன்பது தடவை பின்னால் உருண்டது. ஒன்பதாவது தடவை குலை மட்டைக் குவியலில் போய் உட்கார்ந்தது. எனக்கு உள்ளே ஜோக்குகள் வரிசை கட்டி நின்றன. அவ்வளவும் தரமான சரக்கு. ஒவ்வொன்றாக விழுங்கினேன். முடியாதபோது கழுத்தில் கிடந்த துண்டை எடுத்து வாயில் கடித்துக்கொண்டேன். அண்ணி ஓரக்கண்ணால் பார்த்துவிட்டு மறுபடி சாவியைத் திருகினார்.

இரண்டாவது ஞாயிறும் உருளல்தான். ஆனால் பேசாமல் இருப்பவனுக்குக் கண் நன்றாகத் தெரியும் போலிருக்கிறது. அண்ணிக்குக் காலில் கோளாறு இல்லை. கிளச்சை விடும் அந்த நொடியில் அவர் கண் மேலே, பின்னால் வருவதைக் காட்டும் உள் கண்ணாடிக்குப் போய்விடுகிறது. பின்னால் லோரி இல்லை, கார் இல்லை, ரேம்பில் எங்கள் இருவரைத் தவிர ஆளே இல்லை. இருந்தாலும் யாரோ பின்னால் நின்று பார்க்கிறார்கள் என்பதுபோல ஒவ்வொரு தடவையும் பார்க்கிறார். கண் போனதும் கால் மறந்துவிடுகிறது. ஒன்பது வருடமாக அந்தக் கண்ணாடிக்குள் யார் நின்று சிரித்துக்கொண்டிருந்தான் என்று எனக்குத் தெரியும்.

சொல்லக் கூடாது. சொன்னால் இறங்கிவிடுவார். நான் கையை நீட்டி அந்தக் கண்ணாடியைக் கூரைப் பக்கம் திருப்பிவிட்டேன்.

அண்ணி திரும்பிய கண்ணாடியைப் பார்த்தார். பிறகு முன்னால் பார்த்தார். கிளச்சை மெதுவாக விட்டார். காரின் மூக்கு லேசாக நிமிர்ந்தது. ஹேண்ட்பிரேக்கை இறக்கினார். கார் ஒரு விரல்கூடப் பின்னால் போகாமல் ரேம்பின் உச்சிக்கு ஏறி நின்றது. அங்கிருந்து சுற்றிலும் செம்பனைத் தலைகள் தெரிந்தன. அண்ணி ஸ்டீயரிங்கில் நெற்றியை வைத்துக்கொண்டு, “ஏறிடுச்சு” என்றார். நான் துண்டைக் கடித்தபடி தலையை மட்டும் ஆட்டினேன். என் கண் நிறைந்துவிட்டது, அதைத் துடைக்கவும் அந்தத் துண்டுதான் இருந்தது. நான்காவது ஞாயிறு அவராகவே கண்ணாடியைப் பழையபடி திருப்பி வைத்துக்கொண்டு ஏறினார்.

இதற்கு நடுவே பெயரைத் திரும்பப் பிடுங்கும் வேலையையும் பார்த்தேன். பெயர் வைப்பது சுலபம், எடுப்பதுதான் கஷ்டம். மளிகைக் கடைக்காரர், “நீதானலா வச்ச?” என்று கேட்டார். “நான்தான் வச்சேன், நான்தான் எடுக்கிறேன்” என்றேன். பிள்ளைகள்தான் சீக்கிரம் விட்டார்கள். இப்போது ‘பீப் பீப்’ சத்தம் என்னைக் கண்டால் போடுகிறார்கள், அது எனக்கு நியாயமாகவே படுகிறது.

நாலாவது டெஸ்ட் அன்று மத்தியானம் போன் வந்தது.

“தம்பி, புக்கிட் பாஸ். சைட் பார்க்கிங்ல கம்பத்த சாச்சிட்டேன். பெயில்.”

சொல்லிவிட்டு அண்ணி போனை வைக்கவில்லை. என் ஜோக்குக்காகக் காத்துக்கொண்டிருந்தார் என்று எனக்குப் புரிந்தது. சாய்ந்த கம்பத்தைப் பற்றி என்னிடம் உடனடியாக மூன்று ஜோக் இருந்தன.

“அடுத்த தேதி எப்ப அண்ணி?” என்று கேட்டேன்.

அந்தப் பக்கம் ஒரு மூச்சு இறங்கும் சத்தம் கேட்டது. “இருபது நாளு கழிச்சு” என்றார். இருபது நாள் கழித்துப் பாஸாகிவிட்டார்.

போன வியாழக்கிழமை என் கார் ஒர்க்‌ஷாப்பில் கிடந்தது. டவுனுக்குப் போக வேண்டியிருந்ததால், தோட்டத்திலிருந்து வரும் வழியில் என்னையும் ஏற்றிக்கொள்ளச் சொன்னேன். சந்தியில் கார் வந்து நின்றது. கண்ணாடியில், புதிதாக லைசன்ஸ் எடுத்தவர்கள் ஒட்டும் சிவப்பு ‘பி’ ஸ்டிக்கர். அண்ணன் முன் சீட்டில் ராஜா மாதிரி சாய்ந்திருந்தார். நான் பின்னால் ஏறினேன். மணி பதினொன்று இருக்கும், அவசரமே இல்லை.

கொஞ்ச தூரம் போனதும் அண்ணி ரோட்டைப் பார்த்தபடியே அண்ணனிடம் சொன்னார்:

“ஏங்க, உங்களுக்கு ஒண்ணு சொல்லவே இல்ல. ரேம்ப்ல உங்க தம்பி வாயில துண்ட கடிச்சிக்கிட்டு, கண்ண உருட்டிக்கிட்டு உக்காந்திருந்தாரே, எப்படி இருந்தாரு தெரியுமா? புக்கிட் மெலாவத்தி மலையில கச்சான் கடலைக்கு உக்காந்திருக்குமே லோத்தோங் கொரங்கு, அது கெட்டுச்சு போங்க! இனிமே இவருக்குத் துண்டுத் தம்பின்னுதான் பேரு.”

அண்ணன் சிரித்த சிரிப்பில் கார் குலுங்கியது. ஊசி குத்திக் குத்திப் புடைத்த கையால் தொடையைத் தட்டித் தட்டிச் சிரித்தார். “துண்டுத் தம்பி, டேய், துண்டுத் தம்பி!” அவர் அப்படிச் சிரித்து எத்தனையோ நாள் ஆகிவிட்டது. எனக்குச் சிரிப்பு வந்தது. கூடவே சுருக்கென்றும் இருந்தது, சத்தியமாகச் சொல்கிறேன். கூட்டத்தையே சிரிக்க வைத்த வாயை இப்படிக் குரங்கு ஆக்கிவிட்டாரே என்று ஒரு கணம் முகம் சூடானது.

அந்த ஒரு கணத்தில் முன்னால் இருந்த கண்ணாடியைப் பார்த்தேன். அதில் அண்ணியின் கண்கள் இருந்தன. பக்கத்தில் விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்த அண்ணனை அவர் பார்க்கவில்லை. என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“ரொம்பப் போயிட்டனா தம்பி?” என்று கேட்டார்.

ஒன்பது வருடத்தில் நான் ஒருமுறைகூட அண்ணியிடம் அதைக் கேட்டதில்லை. நான் ஜோக் அடித்தபோதெல்லாம் கூட்டத்தின் முகத்தைப் பார்த்தேன், அவர் முகத்தில் சிரிப்பைத் தவிர வேறெதையும் தேடியதே இல்லை.

“இல்ல அண்ணி” என்றேன். “இன்னும் ஒண்ணு சொல்லுங்க.”

அண்ணி கண்களை ரோட்டுக்குத் திருப்பினார். டவுன் போய்ச் சேரும் வரை சொல்லிக்கொண்டே வந்தார்.